அசையாமடையில் ஒரு குடை

தென்காசி ஸ்டேஷனை விட்டு வெளியே வந்து ஐந்து நிமிடம்கூட ஆகவில்லை, ஓர் ஆட்டோக்காரர் என்னை ஆச்சி என்று கூப்பிட்டுவிட்டார். "ஆச்சி, குத்தாலமா? ஏறுங்க." பாட்டி என்று கூப்பிடுகிற வயதா எனக்கு? ஐம்பத்தாறுதான். மலேசியாவில், ஈப்போவில் என் கடைக்கு நாசி லெமாக் சோறு வாங்க வருகிற சீனக் கிழவர், தொண்ணூறைத் தாண்டியவர், அவரே என்னை அக்கா என்றுதான் கூப்பிடுவார். முறைத்துவிட்டு அடுத்த ஆட்டோவில் ஏறினேன். அவரும் ஆச்சி என்றார். மூட்டுவலியோடு மூன்றாவது ஆட்டோ தேட முடியாது என்பதால் பேசாமல் உட்கார்ந்துகொண்டேன்.

சாரல் பிடித்திருந்தது. வெயிலும் தூறலும் மாறி மாறி அடிக்க, ரோட்டில் ஈரத் துண்டோடு போகிறவர்கள் எல்லாருக்கும் ஒரே சிரிப்பு. எங்கள் ஊர் மழை அப்படி இல்லை. மூன்று மணிக்கு வந்து அரைமணி நேரம் கொட்டிவிட்டு, ஆபீஸ் முடிந்த குமாஸ்தாபோல் போய்விடும். குற்றாலத்துச் சாரல் விருந்துக்கு வந்த சம்பந்தி மாதிரி. கிளம்புகிறேன் கிளம்புகிறேன் என்று சொல்லியே நாள் முழுக்க இருக்கும்.

"குளிக்கவா வந்திருக்கிய?" என்று ஆட்டோக்காரர் கேட்டார்.

"தம்பியக் கூட்டிட்டுப் போக வந்திருக்கேன்."

"தம்பி எங்கன இருக்காரு?"

"அசையாமடையில."

அவர் வண்டியை விரட்டினார். லாட்ஜ் வாசலில் இறக்கிவிட்டு, காசு வாங்கும்போது என் முகத்தைப் பார்க்காமல் வாங்கிக்கொண்டார்.

வெளியூர்க்காரர்களுக்கு மட்டும் சொல்லிவிடுகிறேன், உள்ளூர்க்காரர்களுக்குத் தெரியும். ஐந்தருவிச் சாலையிலிருந்து ஒன்றரை மணி நேரம் மலை ஏறினால் இரண்டு பெரிய பாறைகளுக்கு நடுவே ஓர் ஓடை வரும். பாறை இடுக்கில் குறுக்காகச் சுண்ணாம்புக் கோடு போட்டிருப்பார்கள். கோட்டுக்கு அந்தப் பக்கம் நேரம் நம் நேரம் இல்லை. தண்ணீர் விழாமல் நிற்கிற மாதிரி இருக்கும். நிற்கவில்லை, வந்துகொண்டுதான் இருக்கிறது. மரத்திலிருந்து கழன்ற இலை தரைக்கு வருவதற்குள் இங்கே இரண்டு பொங்கல் போய்விடும். கோட்டை ஒட்டி மந்தம் குறைவு, உள்ளே போகப் போக அதிகம். சத்தம்தான் எல்லாவற்றையும் விட மோசம். அங்கே கால் மெதுவாக நடக்கும், சத்தம் அதைவிட மெதுவாக நடக்கும். உள்ளே பார்த்துக் கத்தினால் போய்ச் சேர வருஷங்கள் ஆகும். உள்ளேயிருந்து வெளியே வருவது உள்ளங்காலில் உணர்கிற ஓர் அதிர்வு மட்டும்தான். ஒரு முறை கருவியோடு ஆராய்ச்சிக்கு வந்தவர்கள் கருவியை உள்ளே நீட்டினார்கள். அது இன்னும் போய்க்கொண்டிருக்கிறது.

இதைப் பார்த்துப் பயந்து ஓடுவதை விட்டுவிட்டு, இதிலும் ஒரு வழி கண்டுபிடித்தார்கள் பாவூர்சத்திரம் சந்தைக்காரர்கள். தக்காளி விலை விழுந்தால் கூடையில் கயிறு கட்டிக் கோட்டுக்கு அந்தப் பக்கம் தள்ளிவிடுவார்கள். விலை ஏறுகிற மாசம் பார்த்து இழுப்பார்கள். பறித்த அன்று இருந்த மாதிரியே வரும். கோட்டைத் தாண்டிக் கூடைதான் போகலாம், மனிதர் போகக் கூடாது என்பது அவர்கள் சட்டம். இழுப்பதிலும் ஒரு சட்டம் உண்டு. ஒரு நாளைக்கு ஒரு சாண். அவசரப்பட்டு வெட்டி இழுத்தால், உள்ளே இருக்கிற பாதிக் கயிற்றுக்கு நாம் இழுத்ததே தெரியாது, நடுவில் அறுந்துவிடும். ஆசைப்பட்டு இழுத்தவர்களின் மூன்று கூடைகள் இன்னமும் உள்ளே இருக்கின்றன, தக்காளி சிவப்புக் குறையாமல்.

முப்பது வருஷத்துக்கு முன்னால், எனக்கு ஈப்போ மாப்பிள்ளை நிச்சயமாகியிருந்த நேரம், அவர் எனக்கு ஒரு குடை அனுப்பினார். பட்டனை அமுக்கினால் பட்டென்று விரிகிற குடை. நீலத்தில் வெள்ளைப் பூ. எங்கள் இலத்தூரில் அப்படி ஒரு குடையை யாரும் பார்த்ததில்லை, அதனால் மழை இல்லாத நாளிலும் பிடித்துக்கொண்டு அலைந்தேன். அசையாமடையைச் சும்மா பார்த்துவிட்டு வரலாம் என்று தம்பி சங்கரனோடு மேலே போனேன். காற்று குடையைப் பிடுங்கிக்கொண்டு போய்க் கோட்டுக்கு அந்தப் பக்கம் பத்தடியில் போட்டது. நான்தான் சொன்னேன். "ஏலே, போய் எடுத்துட்டு வாலே. பத்தடிதான?"

அவனுக்கு இருபத்தொரு வயது. அக்கா சொன்னால் கேட்கிற பிள்ளை. போனான்.

அவன் போய்க் குனிந்து குடையை எடுக்கவே பன்னிரண்டு வருஷம் ஆயிற்று. திரும்ப ஐந்து வருஷம். ஆனால் நான் அலறியது முதல் நாளே. அவனுக்கு அப்பால், பாறை வளைவில், செம்மண் நிறத்தில் ஒரு வெள்ளம் ஆள் உயரத்துக்கு எழுந்து நின்றது. முன்னால் ஒரு முழு மரம். குடை மேலேயே கண்ணாகப் போனவனுக்கு அது தெரியவில்லை, அதன் சத்தமும் அவனை எட்டவில்லை. "குடையப் போட்டுட்டு ஓடி வாலே" என்று தொண்டை கிழியக் கத்தினேன். என் சத்தமும் அவனை எட்டவில்லை. ஓடிவந்த கூடைக்காரர் ஒருவர் கயிற்றைச் சுருக்குப் போட்டு வீசினார். அந்தக் கயிறு அப்போதுதான் காற்றில் பறக்க ஆரம்பித்தது.

நாலு மாதத்தில் எனக்குக் கல்யாணம் ஆகிவிட்டது. போக மாட்டேன் என்றுதான் சொன்னேன், அப்பாதான் அனுப்பிவைத்தார். அவர் சாகும்வரை செவ்வாய்க்கிழமை தோறும் மேலே போய்க் கோட்டுக்கு இந்தப் பக்கம் உட்கார்ந்துவிட்டு வருவார். நான் இரண்டு வருஷத்துக்கு ஒரு தடவை வந்தேன். மகனை வெளியே கொண்டுவராமல் அவரைப் போகவிட்டோம் என்பது எனக்கு இன்றைக்கும் ஆறவில்லை. என் வீட்டுக்காரர் ஒவ்வொரு முறை நான் கிளம்பும்போதும் ஒன்றையேதான் சொல்வார். "ஒரு சேலை அனுப்பியிருந்திருக்கலாம்."

சென்ற மாதம் சுடலைமுத்துவிடமிருந்து வாட்ஸப்பில் ஒரு படம் வந்தது. சுடலைமுத்து, அன்று கயிறு வீசியவருடைய மகன். பாவூர்சத்திரம் சந்தையில் சுமை தூக்குகிறார். படத்தில் சங்கரனின் வலது கை கயிற்றைப் பிடித்திருந்தது. கண் அகலமாகத் திறந்திருந்தது. கீழே சுடலை எழுதியிருந்தார்: "யக்கா, உங்க சத்தம் போய்ச் சேந்துட்டு. வந்துருங்க."

இரண்டாம் நாள் காலையில் பாவூர்சத்திரம் போனேன், கயிறு வாங்க. வெண்டைக்காய் மூட்டைகளுக்கு நடுவே சுடலைமுத்து இரண்டு கையையும் கூப்பி நின்றார். வலது கை ஐம்பது வயதுக்கான கை, காய்ப்புக் காய்த்தது. இடது கை மட்டும் ஒன்பது வயது இளையது. சின்ன வயதில் கூடையை எட்டிப் பிடிக்கப் போய், கோட்டுக்கு அந்தப் பக்கம் மணிக்கட்டுவரை மாட்டிக்கொண்டது. மெல்ல மெல்ல இழுத்து எடுக்க ஒன்பது வருஷம். "ஒம்பது வருசமும் அங்கனயேவா நின்னிய?" என்று ஒருவர் கேட்டாராம். "இல்ல, கைய மட்டும் வச்சிட்டு வீட்டுக்குப் போயி சாப்பிட்டுட்டு வந்தேன்" என்றாராம் சுடலை. உண்மையில் அங்கேயே ஒரு தகரக் கொட்டகை போட்டுக்கொண்டார், மாப்பிள்ளை பார்க்க வந்தவர்கள்கூட மலையேறித்தான் வந்தார்கள். பெண்ணும் சம்மதித்தது.

"கயிறு பாதி புதுசு, பாதி நைஞ்சது யக்கா," என்றார். "கோட்டுக்கு அங்கிட்டு இருக்கது எங்கப்பா வீசினப்ப இருந்த மாதிரியே இருக்கு. இங்கிட்டு இருக்கத மழை தின்னுட்டு. வருசா வருசம் மாத்துதேன். கடைசி இழுப்புக்கு நல்ல கயிறு வேணும்."

நைலான் போதாதா என்று கேட்டேன். கேட்டிருக்கக் கூடாது. "நைலான் சொல்லாம கொள்ளாம அறுந்துரும். தென்னங்கயிறு ஒவ்வொரு நாரா சொல்லிட்டுத்தான் அறும்" என்று கடைக்காரரும் சுடலையும் சேர்ந்தே சொன்னார்கள். கட்டைவிரல் தடிமனில் நாற்பது முழம் வாங்கினேன்.

கயிற்றோடு பஸ்ஸில் ஏற்ற மாட்டோம் என்றார்கள். குற்றாலத்துக்குக் கத்திரிக்காய் ஏற்றிப்போன டெம்போவில் இடம் கிடைத்தது. பாதி வழியில் ஒரு குறுக்குப் பாதையில் டெம்போ சேற்றில் இறங்கிவிட்டது. எதிரே வந்த டிராக்டர்காரர் இறங்கி வந்து, என் மடியில் இருந்த கயிற்றைப் பார்த்தார். "ஆச்சி, அதக் குடுங்க, கட்டி இழுத்துரலாம்."

"தர மாட்டேன்."

"ரெண்டு நிமிசம்தான்."

"இதுல ஒரு நார் கெட்டாலும் என் தம்பி செத்துருவான். தள்ளுங்க."

டிரைவர் என்னை ஒரு மாதிரியாகப் பார்த்தார். நான் கயிற்றைத் தோளில் மாட்டிக்கொண்டு இறங்கிச் சேற்றில் நின்று டெம்போவின் பின்பக்கத்தில் கை வைத்தேன். ஒரு கிழவி தள்ளும்போது சும்மா நிற்க யாருக்கும் மனசு வரவில்லை. நாலு தள்ளில் ஏறிவிட்டது. என் சேலை முழுக்கச் சேறு, கயிற்றில் ஒரு பொட்டு இல்லை. டிரைவர் ஒரு கத்திரிக்காய்ப் பையைக் கொடுத்து, லாட்ஜில் தங்குகிறவள் அதை வைத்து என்ன செய்வாள் என்று யோசிக்காமல் போய்விட்டார்.

மதியம் பரோட்டா சாப்பிட்டேன். எங்கள் ரொட்டி சானாய் மெத்தென்று இருக்கும், இங்கே மொறுமொறுப்பு. சால்னாவில் ஊறிய பிறகுதான் வழிக்கு வரும். நாட்டுக்கோழி உறைப்பில் கண்ணில் தண்ணீர் வந்தது. நல்ல வேளை, அழுவதற்கு ஒரு சாக்கு கிடைத்தது, யாரும் எதுவும் கேட்கவில்லை.

சாப்பிட்டு முடித்ததும் போலீஸைத் தேடிப் போனேன். மடையிலிருந்து வருகிற ஓடை கீழே ஒரு சின்ன அருவியாக விழுகிறது. சீசனில் அங்கே எந்த நேரமும் நூறு பேர் குளிப்பார்கள். சங்கரன் வெளியே வந்தால் பின்னாலேயே வெள்ளமும் வெளியே வரும், கோட்டைத் தாண்டிய உடனே முழு வேகத்தில். அங்கே காவலுக்கு நின்ற பெண் காவலர் ராயகிரிக்காரர், செல்வி என்று பெயர். அப்பா, சித்தப்பா, இரண்டு அண்ணன்மார் எல்லாரும் போலீஸ் என்று அவராகவே சொன்னார்.

நான் விவரம் சொன்னதும் நோட்டை எடுத்தார். பேனாவை வைத்துக்கொண்டு யோசித்தார்.

"ஆச்சி, தடை போடணும்னா காரணம் எழுதணும். மேல மழை, தண்ணி வரத்து கூடுதுன்னு எழுதலாம். முப்பது வருசத்துக்கு முந்தி பேஞ்ச மழைன்னு எப்படி எழுத?"

"என்னைக்குப் பேஞ்சதுன்னா கேக்கப் போறாங்க? தண்ணி வரும்னு எழுதும்மா."

"வரலன்னா எனக்கு மெமோ வரும்."

"வந்து, நீ தடை போடலன்னா?"

அவர் அருவிக்குக் கீழே நின்ற கூட்டத்தைப் பார்த்தார். தலைக்குச் சீயக்காய் போட்டுவிட்டுக் கண்ணைத் திறக்க முடியாமல் ஒரு அம்மா மகனைத் தேடிக்கொண்டிருந்தார். செல்வி பேனா மூடியைத் திறந்து, நாளை காலை பத்து மணி முதல் குளிக்கத் தடை என்று எழுதினார். கீழே கையெழுத்தும் போட்டார். எனக்கு அவரைக் கட்டிக்கொள்ள வேண்டும்போல் இருந்தது, யூனிஃபாரத்துக்காகச் சும்மா இருந்தேன்.

அன்று மாலையே மேலே ஏறினோம். முட்டி ஒவ்வொரு படிக்கும் ஒரு வார்த்தை திட்டியது. கோட்டுக்கு முன்னால் போய் நின்றதும் எல்லாம் மறந்துவிட்டது.

தம்பி அங்கே இருந்தான். கோட்டுக்கு இரண்டு எட்டு தூரத்தில், ஓடுகிற நிலையில், ஒரு கால் தரையில், ஒரு கால் காற்றில். வலது கையில் கயிறு. இடது கையில் குடை. நெற்றியிலிருந்து தெறித்த மழைத்துளி காதுக்குப் பக்கத்தில் தொங்கியது. நான் ஓடி வா என்றதைக் கேட்டுவிட்டான், அது முகத்தில் தெரிந்தது. குடையைப் போடு என்றதையும் கேட்டிருப்பான். போடவில்லை. மரத்தின் முனை அவன் முதுகுக்கு ஒரு முழம் பின்னால் இருந்தது. போன தடவை நான் வந்தபோது மூன்று முழம் இருந்தது.

"குடையப் போட்டா ரெண்டு கையாலயும் பிடிப்பாரு," என்றார் சுடலை.

"போட மாட்டான். எனக்குத் தெரியும்."

சுடலை கயிற்று நுனிகளைப் பிரித்து, பழையதோடு புதியதைப் புரி புரியாகப் பின்னி இணைத்தார். பொழுது சாய்வதற்குள் முடித்துவிட்டார். "கோட்டுக்கு வர வர அவருக்கு வேகம் கூடும். நாளைக்குப் பதினோரு மணி," என்றார். முப்பது வருஷம் போய்க் கடைசியில் பதினோரு மணி என்று ஒரு மணி நேரத்தைச் சொல்லக் கேட்டதும் கைக்கடிகாரத்தில் மணி பார்த்தேன்.

மூன்றாம் நாள் காலையில் மறுபடியும் மேலே ஏறினோம். சாமான் பையில் துண்டு ஒன்று, சங்கரன் அளவுக்கு ஒரு சட்டை, பிஸ்கட். ஈப்போவில் கடையில் நின்று அந்தச் சட்டைக்கு அளவு சொன்னபோது, மகனுக்கா என்று கேட்டார்கள். தலையாட்டினேன்.

ஒன்பதரைக்கே அவனுடைய காற்றில் இருந்த கால் இறங்கிக்கொண்டிருப்பதைக் கண்ணால் பார்க்க முடிந்தது, கடிகாரத்தின் பெரிய முள்ளைப் பார்க்கிற மாதிரி. உள்ளங்காலில் இருந்த அதிர்வு முழங்காலுக்கு ஏறியது. பத்து மணிக்கு அது காதுக்குக் கேட்டது. செல்வி போன் செய்தார். "எல்லாரையும் கரை ஏத்தியாச்சு ஆச்சி. ஒருத்தர் மட்டும் சோப்பு போயிட்டுன்னு சண்டை போடுதாரு." அந்த ஆச்சிக்குக் கோபப்பட எனக்கு நேரம் இல்லை.

பத்தேமுக்காலுக்கு இரைச்சல் மேலே மேலே ஏறி, அதற்குள்ளிருந்து ஒரு பெண்ணின் குரல் வந்தது. பாறையில் பட்டுத் திரும்பி வந்த குரல். ஒல்லியாக, பயந்துபோய், "ஓடி வாலே" என்றது. யாருடையது என்று தெரிய எனக்குச் சற்று நேரம் ஆயிற்று. என் குரல் அவ்வளவு நன்றாக இருந்தது என்று எனக்குத் தெரியாது.

மரம் அவன் முதுகுக்கு ஒரு சாண் பின்னால்.

"யக்கா, இப்ப இழுக்கணும்! வெட்டி இழுத்துருவோம்!" சுடலை கத்தினார். சட்டம் சொல்லிக்கொடுத்த குடும்பத்தில் பிறந்தவர், அவரே பதறிவிட்டார். கயிற்றில் ஒரு நார் டிக் என்று அறுந்து சொன்னது.

"கூடாது!"

"மரம் அடிச்சிரும் யக்கா!"

"அவன் கால் இன்னும் தரையில படல. இப்ப இழுத்தா கவுந்து விழுவான். கால் படட்டும்."

எனக்கும் இழுக்கத்தான் ஆசை. உடம்பில் உள்ள ஒவ்வொரு எலும்பும் இழு இழு என்றது. கயிறு தளர்ந்தால் மட்டும் தளர்ந்த அளவை வாங்கிக்கொண்டேன், அதற்கு மேல் ஒரு விரல்கூட இல்லை. இன்னொரு நார் அறுந்தது. அவனுடைய பெருவிரல் மண்ணைத் தொட்டது. பிறகு பாதம். பிறகு குதிகால்.

"இப்ப."

இழுத்தோம். அவன் கோட்டைத் தாண்டி எங்கள் மேலேயே வந்து விழுந்தான், ஈரமும் சூடுமாக, நிஜமான கனத்தோடு. மூவரும் உருண்டு பக்கத்துப் பாறைக்குப் பின்னால் போனோம். மரம் நாங்கள் நின்ற இடத்தை அடித்துக்கொண்டு போனது. பின்னால் வெள்ளம், மண்ணும் கல்லுமாக, முப்பது வருஷச் சத்தத்தையும் சேர்த்து வைத்துப் போட்டுக்கொண்டு. அதன் நடுவில் மூன்று கூடைத் தக்காளியும் போயின, பாறை இடுக்கெல்லாம் சிவப்பாகத் தங்கின. கொஞ்ச நேரத்தில் போன் அடித்தது. "கீழ ஒருத்தருக்கும் ஒண்ணும் இல்ல," என்று சொல்லிவிட்டுச் செல்வி அழுதார்.

சங்கரன் எழுந்து உட்கார்ந்து மூச்சு வாங்கினான். முதலில் குடையைத்தான் பார்த்தான். ஒவ்வொரு கம்பியாகத் தடவினான். பிறகு சுற்றுமுற்றும் தேடினான். சுடலையைப் பார்த்தான், என்னைப் பார்த்தான், எங்களைத் தாண்டிப் பாதையைப் பார்த்தான். முப்பது வருஷமாக அவனிடம் சொல்ல நான் வைத்திருந்த பேச்சு ஒன்று உண்டு. விமானத்திலும் ஒருமுறை சொல்லிப் பார்த்திருந்தேன். அதைத் தொடங்க வாயைத் திறந்தேன்.

அவன் என் பக்கம் நகர்ந்து வந்து, மரியாதையாகக் குரலைத் தாழ்த்திக்கொண்டான்.

"ஆச்சி, இங்கன எங்கக்கா நின்னுட்டு இருந்தா. எங்கிட்டுப் போனான்னு பாத்தியளா?"

நான் பையைத் திறந்தேன்.

"மாப்பிள்ள அனுப்பின குடை இது. கீழ போடச் சொல்லிக் கத்துனா, எனக்கு மனசு வரல." குடையின் மடங்கிய ஓரத்தைக் கையால் மறைத்துக்கொண்டான். "ஒரு கம்பி ஒடிஞ்சு போச்சு. அவகிட்ட மட்டும் சொல்லிராதிய, ஆச்சி. அழுவா."

"சொல்ல மாட்டேம்லே," என்றேன். துண்டை எடுத்து அவன் தலையைத் துவட்டினேன்.